காசில்லாமல் எடுத்த பேய்ப்படங்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மாதத்தில் ஒரு சனிக்கிழமை எங்கள் மொட்டைமாடியில் வெள்ளை வேட்டியை இழுத்துக் கட்டி, நண்பரிடம் வாங்கி வந்த புரொஜெக்டரில் பழைய பேய்ப்படம் ஒன்றைப் போடுகிறோம். தெருப் பையன்கள், கல்லூரி மாணவிகள், பக்கத்து வீட்டு மாமா என்று பதினைந்து இருபது பேர் வருவார்கள். பெரும்பாலும் சின்ன பட்ஜெட் படங்கள்தான். அவற்றின் மேல்தான் எனக்குத் தீராத பிரியம். படம் முடிந்து டீ குடிக்கும்போது வருகிற சந்தேகங்கள் ஏறக்குறைய ஒரே மாதிரி இருப்பதால், கேட்டவர்கள் கேட்டபடியே இங்கே எழுதி வைக்கிறேன். கடைசிக் கேள்வி மட்டும் ஒரு படத்தின் முடிவைப் பற்றியது. பார்க்காதவர்கள் அதைப் பார்த்துவிட்டு வந்து படியுங்கள்.

கல்ட் படம்னா என்னண்ணா? ஓடாத படத்துக்கு மரியாதையா வச்ச பேரா?

இல்லை. ஓடாத படமும் கல்ட் ஆகலாம், வசூலைக் குவித்த படமும் ஆகலாம். 1978இல் வந்த, முகமூடிக் கொலைகாரன் கதையான 'ஹாலோவீன்' அப்போதே பெரிய வெற்றி. பார்த்துவிட்டு வீட்டுக்குப் போனவர்கள் அதை விடாமல் வைத்திருக்கிறார்களா என்பதுதான் கேள்வி. திரும்பத் திரும்பப் பார்ப்பது, நண்பனைக் கையைப் பிடித்து இழுத்து வந்து உட்கார வைப்பது, முப்பது வருஷம் கழித்தும் ஒரு காட்சிக்காகச் சண்டை போடுவது: இப்படி ஒரு கூட்டம் சேர்ந்துவிட்டால் அது கல்ட்.

இந்தப் பழக்கம் வளர்ந்த இடம் ஒன்று உண்டு. நியூயார்க்கில் எல்ஜின் என்ற தியேட்டரில் 1970 டிசம்பரில் 'எல் டோப்போ' என்ற விநோதமான படத்தை நள்ளிரவுக் காட்சியாகப் போட்டார்கள். பெரிய விளம்பரம் எதுவுமில்லை. ஒருவர் சொல்லி இன்னொருவர் வந்து, மாதக்கணக்கில் ஓடியது. அதன்பிறகு நள்ளிரவுக் காட்சி என்பதே ஒரு வழக்கமாகிவிட்டது. பகலில் யாரும் கண்டுகொள்ளாத படங்கள் இரவு 12 மணிக்கு உயிர் பெற்றன. எண்பதுகளில் அந்த வேலையை வீடியோ கேசட் எடுத்துக்கொண்டது.

லோ பட்ஜெட், லோ பட்ஜெட்னு சொல்றீங்களே, எவ்வளவுதான் செலவு பண்ணாங்க?

நான் அடிக்கடி போடும் படங்களின் கணக்கைச் சொல்கிறேன். 'கார்னிவல் ஆஃப் சோல்ஸ்' (1962) சுமார் 33,000 டாலர். 'நைட் ஆஃப் தி லிவிங் டெட்' (1968) சுமார் 1,14,000. 'தி டெக்ஸாஸ் செயின் சா மாசக்கர்' (1974) ஏறக்குறைய 1,40,000. 'தி ஈவில் டெட்' (1981) மூன்றரை லட்சத்துக்குச் சற்று மேல். 'பாராநார்மல் ஆக்டிவிட்டி' (2007) வெறும் 15,000. ஓரன் பெலி அதைத் தன் சொந்த வீட்டிலேயே ஒரு வாரத்தில் எடுத்து முடித்தார். பெரிய ஸ்டுடியோ 1973இல் எடுத்த 'தி எக்ஸார்சிஸ்ட்' ஒரு கோடி டாலரைத் தாண்டியது என்பதைப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள்.

தொகையைவிட அது யாருடைய காசு என்பதைக் கவனியுங்கள். 'நைட்' படத்துக்குப் பிட்ஸ்பர்க்கில் நண்பர்கள் பத்துப் பேர் ஆளுக்கு 600 டாலர் போட்டு ஆரம்பித்தார்கள். நம் ஊரில் சீட்டுப் பிடிப்பது போலத்தான். 'ஈவில் டெட்' குழு முதலில் ஒரு குறும்படம் எடுத்து, அதைத் தூக்கிக்கொண்டு பல் டாக்டர், வக்கீல், வியாபாரி என்று அலைந்து பணம் திரட்டியது. இப்படி வந்த காசில் 'கதையை மாற்று, கதாநாயகனை மாற்று' என்று சொல்ல மேலே ஒருவர் இருப்பதில்லை. இதை நினைவில் வையுங்கள். கடைசிக் கேள்வியில் இது மறுபடி வரும்.

கம்மி செலவுல காதல் படமும் எடுக்கலாமே. பேய்ப்படத்துக்கு மட்டும் ஏன் இந்த மவுசு?

காதல் படத்துக்கு இரண்டு நல்ல முகங்கள் வேண்டும், பாட்டு வேண்டும், நம்பும்படியான நடிப்பு வேண்டும். பயத்துக்கு ஓர் இருட்டறையும் ஒரு சத்தமும் போதும். நம் பாட்டிமார் சொன்ன கதைகளை நினைத்துப் பாருங்கள். பேய் எப்படி இருந்தது என்று அவர்கள் விவரித்ததே கிடையாது. மல்லிகைப்பூ வாசம் வந்தது, கொலுசுச் சத்தம் கேட்டது, திரும்பிப் பார்த்தால் யாருமில்லை. அவ்வளவுதான். அன்றிரவு கொல்லைப்பக்கம் போக ஆளிருக்காது. அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய். காட்டுவதற்குக் காசில்லாத இயக்குநர் இருட்டை மட்டும் தருகிறார். அரளும் வேலையை நாம் செய்கிறோம்.

இன்னொன்று நட்சத்திரம் இல்லாதது. டைட்டிலில் பெரிய பேர் வந்துவிட்டால் அவர் சாகமாட்டார் என்று நமக்குத் தெரிந்துவிடும். முன்பின் பார்த்திராத ஆறு முகங்களை ஒரு வீட்டுக்குள் அடைத்தால் யார் மிஞ்சுவார் என்று யாராலும் சொல்ல முடியாது. அந்த நிச்சயமின்மையைக் காசு கொடுத்து வாங்க முடியாது.

எதுல இருந்து ஆரம்பிக்கலாம், சார்? ஒரே ஒரு படம் சொல்லுங்க.

'நைட் ஆஃப் தி லிவிங் டெட்'. செத்தவர்கள் எழுந்து உயிரோடிருப்பவர்களைத் தின்ன வருகிறார்கள். ஒரு பண்ணைவீட்டுக்குள் சில பேர் மாட்டிக்கொள்கிறார்கள். இன்று நாம் ஜாம்பி என்று எதைச் சொல்கிறோமோ, கூட்டமாகத் தள்ளாடி வந்து மனிதரைக் கடித்துத் தின்னும் அந்த உருவம், இந்தப் படத்திலிருந்து வந்ததுதான். ஆனால் படத்தில் ஜாம்பி என்ற சொல்லே வராது.

எடுத்தவர் ஜார்ஜ் ரோமெரோ. அப்போது அவரும் நண்பர்களும் பிட்ஸ்பர்க்கில் விளம்பரப் படங்கள் எடுத்துப் பிழைத்துக்கொண்டிருந்தார்கள். குழந்தைகளுக்கான ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சிக்குக்கூடச் சில துண்டுப் படங்கள் எடுத்துக் கொடுத்திருக்கிறார். ஊருக்கு வெளியே எவன்ஸ் சிட்டி பக்கம், இடிக்கப்போகிற ஒரு பண்ணைவீட்டை வாடகைக்குப் பிடித்தார்கள். எப்படியும் இடிகிற வீடு என்பதால் கதவை உடைக்கலாம், சுவரில் ஆணி அடிக்கலாம். பணம் போட்டவர்களே நடித்தார்கள், மேக்கப் போட்டார்கள், பிணமாகவும் நடந்து வந்தார்கள். படத்தில் டிவி நிருபராக வருபவர் அந்த ஊர்த் தொலைக்காட்சியில் நிஜமாகவே வேலை பார்த்தவர். அந்தச் செய்திக் காட்சிகள் இன்றும் உண்மை போலத் தெரிவது அதனால்தான். சுற்றியிருந்த ஊர் அப்படியே படத்துக்குள் வந்துவிட்டது.

அந்த ரத்தம், கறி எல்லாம் எப்படிப் பண்ணாங்க? பார்த்தா குமட்டுதே!

'நைட்' கருப்பு வெள்ளை என்பதால் சாக்லேட் சிரப்பே ரத்தமாகிவிட்டது. பணம் போட்டவர்களில் ஒருவர் கறிக்கடை வைத்திருந்தார். அவர் கொடுத்த குடலும் கறியும்தான் பிணங்கள் கடித்துத் தின்பது.

'ஈவில் டெட்', காட்டு வீட்டில் தங்கப் போன இளைஞர்களைப் பேய் பிடிக்கும் கதை. வண்ணப்படம், அங்கே சோளச் சர்க்கரைப் பாகில் சிவப்புச் சாயம் கலந்தார்கள். டென்னசி மாநிலத்தில் ஆளில்லாத ஒரு மரவீடு, குளிர்காலம், வீட்டில் குழாய்த் தண்ணீர் கூடக் கிடையாது. நடிகர் புரூஸ் கேம்பல் மேல் அந்தப் பாகு காய்ந்து சட்டை பலகை மாதிரி விறைத்துப்போகும். குளிர் தாங்காமல் கடைசியில் வீட்டிலிருந்த மரச்சாமான்களையே எரித்துக் காய்ந்தார்கள்.

ஈவில் டெட்ல கேமரா அந்தக் காட்டுக்குள்ள பேய் மாதிரி பாயுதே, அது எப்படி? டிரோன் எல்லாம் அப்ப இல்லையே?

ஒரு மரப்பலகை. நடுவில் கேமராவைக் கட்டி, இரண்டு பக்கமும் ஆளுக்கொரு முனையைப் பிடித்துக்கொண்டு காட்டுக்குள் ஓடினார்கள். கேமரா குலுங்காமல் நகர அப்போது ஸ்டெடிகேம் என்ற கருவி வந்துவிட்டது. அதை வாடகைக்கு எடுக்க இவர்களிடம் காசில்லை. பலகை நீளமாக இருப்பதால் குலுக்கல் ஓரளவு அடங்கிவிடும். மிச்சமிருக்கும் நடுக்கம்தான் அதை உயிருள்ள ஏதோ ஒன்றாகக் காட்டுகிறது. அது என்ன உருவம் என்று படம் கடைசிவரை காட்டாது. இயக்குநர் சாம் ரெய்மிக்கு அப்போது இருபது வயதுதான்.

இந்தக் காட்சி வரும்போதெல்லாம் நான் வேட்டித்திரையைப் பார்ப்பதை விட்டுவிட்டு உட்கார்ந்திருப்பவர்களைப் பார்ப்பேன். எல்லோரும் கொஞ்சம் பின்னால் சாய்வார்கள். அந்தப் பலகையை ஒரு தடவையாவது தொட்டுப் பார்க்க வேண்டும் என்று எனக்கு ஆசை.

ஈவில் டெட்டைத் தனியா தியேட்டர்ல உட்கார்ந்து பார்த்தா பரிசுன்னு சின்ன வயசுல சொன்னாங்களே, உண்மையா?

எங்கள் பள்ளிக்கூடத்திலும் சொன்னார்கள். ஒருத்தர் பார்க்கப் போய்ச் செத்தே போய்விட்டார் என்பது வரை கதை வளர்ந்தது. பரிசு வாங்கிய ஒருவரை நான் இதுவரை சந்தித்ததில்லை. ஆனால் 2008இல் ராம்கோபால் வர்மா தன் 'பூங்க்' படத்தைத் தனியாகப் பார்த்து முடிப்பவருக்கு 5 லட்சம் ரூபாய் என்று நிஜமாகவே அறிவித்தார்.

இப்படி ஆசைகாட்டிப் பயமுறுத்துவது பழைய வித்தை. 1981இல் டெட்ராய்ட்டின் ரெட்ஃபோர்ட் தியேட்டரில் 'ஈவில் டெட்' முதல் காட்சிக்கு வாசலில் ஆம்புலன்ஸ் நிறுத்தினார்கள். விளம்பரத்துக்குக் காசில்லாத படத்துக்கு வதந்திதான் போஸ்டர். நாம் பள்ளிக்கூடத்தில் பரப்பியதும் ஒரு போஸ்டர்தான்.

கருப்பு வெள்ளை, உதடும் வசனமும் ஒட்டலை, நடிப்பும் விறைப்பா இருக்கு. இதைப் பார்த்து எப்படிப் பயப்படுறது?

இதை 'கார்னிவல் ஆஃப் சோல்ஸ்' போட்ட இரவில் ஒரு மாணவி கேட்டார். நியாயமான கேள்வி. அந்தப் படத்தின் பின்னணி கொஞ்சம் தெரிந்தால் வேறு மாதிரி தெரியும். ஹெர்க் ஹார்வி என்பவர் கன்சாஸ் மாநிலத்தில் லாரன்ஸ் என்ற ஊரில் பள்ளிகளுக்கும் தொழிற்சாலைகளுக்கும் பாடப்படம் எடுக்கும் நிறுவனத்தில் வேலை பார்த்தார். கலிஃபோர்னியாவிலிருந்து காரில் திரும்பும்போது யூட்டாவின் உப்பு ஏரிக்கரையில் சால்ட்டேர் என்ற கைவிடப்பட்ட கேளிக்கை மாளிகையை அந்தி வெளிச்சத்தில் பார்த்திருக்கிறார். ஏரித் தண்ணீர் பின்வாங்கி, கோபுரங்களோடு அந்தக் கட்டடம் வெட்டவெளியில் நிற்கிறது. ஊருக்கு வந்து, கூட வேலை பார்த்த எழுத்தாளரிடம் ஒரு கதை கேட்டார். ஒரே நிபந்தனை, கடைசியில் பிணங்கள் அந்த மண்டபத்தில் ஆட வேண்டும். அலுவலகத்தில் மூன்று வாரம் லீவு போட்டுப் படத்தை எடுத்துவிட்டார். கதாநாயகியைத் துரத்தும் வெளிறிய முகத்து மனிதரும் அவரே. அதற்கு முன்னும் பின்னும் அவர் கதைப்படம் எடுக்கவில்லை.

கதை: பாலத்திலிருந்து கார் ஆற்றில் விழுகிறது, ஒரு பெண் மட்டும் சேற்றோடு எழுந்து வருகிறாள், வேறு ஊரில் தேவாலயத்தில் ஆர்கன் வாசிக்கும் வேலைக்குப் போகிறாள். அவளுக்கு இந்த உலகத்தோடு ஒட்டவே இல்லை. நடுவில் சில நேரம் அவளைச் சுற்றிச் சத்தமே நின்றுவிடும், கடையில் யார் கண்ணிலும் அவள் படமாட்டாள். இப்போது உங்கள் கேள்விக்கு வருகிறேன். உதடும் குரலும் ஒட்டாதது, அக்கம்பக்கத்து மனிதர்கள் விறைப்பாகப் பேசுவது, இவை எல்லாம் அவள் நிலைமைக்கு அப்படியே பொருந்திவிடுகின்றன. தெரிந்தே செய்தார்களா, காசில்லாமல் நேர்ந்ததா என்று பிரிக்க முடியாது. எனக்குப் பிரிக்கவும் வேண்டாம். 1962இல் யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளாத படம், டிவியில் பின்னிரவில் பார்த்தவர்கள் மறக்காமல் வைத்திருந்ததால் 1989இல் மறுபடி தியேட்டருக்கு வந்தது.

டெக்ஸாஸ் படத்துல ரத்தமே கம்மின்னு சொல்றீங்க. நான் பார்த்தேனே, கொக்கியில மாட்டுறதை!

மனிதரைத் தின்னும் ஒரு குடும்பத்திடம் இளைஞர்கள் சிலர் மாட்டிக்கொள்ளும் கதை அது. கொக்கியைப் பார்த்தீர்கள், பெண்ணைத் தூக்குவதைப் பார்த்தீர்கள், அவள் முகத்தையும் கீழே வைத்திருந்த தொட்டியையும் பார்த்தீர்கள். கொக்கி உடம்பில் இறங்குவதைப் படம் காட்டவே இல்லை. ஓட்டிப் பார்த்துவிட்டு வந்து சொல்லுங்கள். எங்கள் மாடியில் மூன்று பேர் பந்தயம் கட்டித் தோற்றிருக்கிறார்கள். இயக்குநர் டோபி ஹூப்பர், ரத்தத்தைக் குறைத்தால் இளைஞர்களும் பார்க்கக்கூடிய சான்றிதழ் கிடைக்கும் என்று நம்பினார். கிடைக்கவில்லை. காட்டாததையே தணிக்கைக்காரர்கள் பார்த்துவிட்டார்கள். பிரிட்டனில் 1999 வரை அந்தப் படத்துக்கு முறையான சான்றிதழே இல்லை.

நமக்குக் குமட்டுவது ரத்தத்தால் இல்லை, அந்த வெக்கையால். 1973 கோடையில் டெக்ஸாஸில் வெயில் 38 டிகிரியைத் தாண்டியது. அறை முழுக்க நிஜ எலும்புகள், அழுகும் இறைச்சி. இரவுக் காட்சியைப் பகலில் எடுக்க ஜன்னல்களைக் கறுப்புத் துணியால் மூடி, உள்ளே பெரிய விளக்குகளைப் போட்டார்கள். கிழவராக நடித்த இளைஞருக்கு மேக்கப் போடவே பல மணி நேரம் ஆனதால், மறுபடி போட மாட்டேன் என்று சொல்லிவிட்டார். அந்தக் குடும்பத்தின் விருந்துக் காட்சியை ஒரே மூச்சில், ஒரு நாளுக்கும் மேலாக எடுத்தார்கள். முகமூடி மனிதராக நடித்தவருக்கு ஒரே ஒரு உடுப்பு. சாயம் போய்விடும் என்று துவைக்கவும் இல்லை. அந்த நாற்றம் திரையைத் தாண்டி வருகிறது என்று நான் சொன்னால் மிகை இல்லை.

அப்ப அந்த நடிகைங்களை நிஜமாவே வதைச்சிருக்காங்க. அதையும் கலைன்னு கொண்டாடணுமா?

இந்தக் கேள்வியைக் கேட்ட அக்காவுக்கு அன்று என்னிடம் சரியான பதில் இல்லை. யோசித்து எழுதுகிறேன். டெக்ஸாஸ் படத்தில் போலி ரத்தக் குழாய் வேலை செய்யாததால் கதாநாயகி மர்லின் பர்ன்ஸின் விரலை உண்மையிலேயே கீறிவிட்டார்கள். 'ஈவில் டெட்'டில் பேய் பிடித்தவர்கள் போட்ட கண்வில்லைகள் தடித்தவை, போட்டால் கண் தெரியாது, கொஞ்ச நேரத்துக்கு மேல் தாங்காது. காசில்லாத படத்தில் பாதுகாப்புதான் முதலில் வெட்டுப்படும். இதை நான் வீரக்கதையாகச் சொல்ல மாட்டேன். அந்தப் படங்களை நேசிக்கிறேன், அவர்கள் பட்டதற்குக் கூலி கிடைக்கவில்லை என்பதும் என்னை உறுத்துகிறது.

காட்சிகளைப் பற்றியும் சொல்ல வேண்டும். 'ஈவில் டெட்'டில் காட்டு மரங்கள் ஒரு பெண்ணைத் தாக்கும் காட்சி எனக்குப் பிடிக்காது. ரெய்மியே பின்னாளில் அதற்கு வருந்தியிருக்கிறார். நான் படம் போடும் முன்பே அதைச் சொல்லிவிடுவேன், எழுந்து போக விரும்புபவர்கள் போகட்டும். அதே சமயம், எல்லோரும் செத்த பிறகு கடைசியில் மிஞ்சி நின்று போராடுபவள் பெரும்பாலும் பெண்ணாகவே இருப்பதும் இந்தப் படங்களில்தான். டெக்ஸாஸிலும் ஹாலோவீனிலும் நாம் கடைசி அரைமணி நேரம் அவள் கண் வழியாகத்தான் பார்க்கிறோம், அவளோடு சேர்ந்துதான் ஓடுகிறோம்.

'உண்மைச் சம்பவம்'னு போடுறாங்களே. எது உண்மை?

டெக்ஸாஸ் படத்தில் அப்படி ஒரு சம்பவம் நடக்கவில்லை. படம் சொல்லும் தேதி 1973 ஆகஸ்ட். அந்தக் கோடையில் அங்கே நடந்தது படப்பிடிப்பு. விஸ்கான்சினில் 1957இல் பிடிபட்ட எட் கீன் என்ற கொலைகாரனிடமிருந்து மனிதத் தோல் முகமூடி போன்ற சில விவரங்களை எடுத்துக்கொண்டார்கள்.

'தி பிளேர் விட்ச் ப்ராஜெக்ட்' (1999) இதை இன்னொரு எல்லைக்குக் கொண்டுபோனது. மூன்று நடிகர்கள், அவர்கள் சொந்தப் பெயரிலேயே, மேரிலாந்து காட்டுக்குள் எட்டு நாள். கேமராவை அவர்களே பிடித்தார்கள். அன்றன்றைக்கு என்ன செய்ய வேண்டும் என்ற குறிப்பு காட்டில் ஓர் இடத்தில் காத்திருக்கும். சாப்பாடு நாளுக்கு நாள் குறையும். படம் வருமுன் இணையத்தில் அவர்கள் காணாமல் போனதாகச் செய்தி. நம்பிய மக்கள் நடிகையின் தாய்க்கு அனுதாபக் கடிதம் எழுதினார்கள். உலகெங்கும் 24 கோடி டாலருக்கு மேல் வசூல். இன்று அந்த வித்தை பலிக்காது, ஒரு நிமிடத்தில் தேடிக் கண்டுபிடித்துவிடுவோம்.

நைட் படம் யூடியூப்ல முழுசா சும்மா கிடக்குதே. திருட்டுப் பிரதியா? பார்க்கலாமா?

தாராளமாகப் பார்க்கலாம். படத்துக்கு முதலில் வைத்த பெயர் வேறு. விநியோக நிறுவனம் பெயரை மாற்றியபோது டைட்டில் அட்டையையும் மாற்றியது. பழைய அட்டையில் இருந்த காப்புரிமை வாசகம் புது அட்டையில் விடுபட்டுப்போனது. அந்தக் காலத்து அமெரிக்கச் சட்டப்படி, அந்த ஒரு வாசகம் இல்லாமல் வெளியான படம் பொதுச்சொத்து. எடுத்தவர்கள் பெரும் பணத்தை இழந்தார்கள்.

ஆனால் யாரும் காசு கொடுக்காமல் போடலாம் என்பதால் சின்னச் சின்ன டிவிகளும் கேசட் கம்பெனிகளும் அதைத் திரும்பத் திரும்பப் போட்டன. தலைமுறை தலைமுறையாக எல்லோர் கண்ணிலும் பட்டது. நாங்கள் மாடியில் முதலில் போட்டதும் இதனால்தான். பார்ப்பதானால் மங்கலான பிரதியை விட்டுவிட்டு, நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகம் 2016இல் செப்பனிட்ட பிரதியைத் தேடிப் பாருங்கள். நிழல்கள் எவ்வளவு ஆழம் என்று அப்போதுதான் தெரியும்.

நம்ம நாட்டுல இந்த மாதிரி யாரும் எடுக்கலையா?

ஏன் இல்லை? பம்பாயில் ராம்சே குடும்பம். எஃப். யு. ராம்சேக்கு ஏழு மகன்கள். 1970இல் அவர்கள் எடுத்த ஒரு படம் தோற்றது. ஆனால் அதில் பிருத்விராஜ் கபூர் பயங்கர முகமூடியோடு திருட வரும் காட்சிக்கு மட்டும் ஜனங்கள் அலறி ரசித்தார்கள். மகன்கள் அதைப் பிடித்துக்கொண்டார்கள். 1972இல் 'தோ கஸ் ஜமீன் கே நீச்சே'. ஒரு பிள்ளை கேமரா, ஒருவர் ஒலி, ஒருவர் எடிட்டிங், ஒருவர் எழுத்து, இருவர் இயக்கம். மகாபலேஷ்வருக்குப் போய்த் தங்கி, வீட்டுப் பெண்கள் சமைத்துப் போட, கூட்டுக்குடும்பமாகவே படம் எடுத்தார்கள். 1984இன் 'புரானா மந்திர்' சிற்றூர்த் தியேட்டர்களில் பெரிய வெற்றி.

தமிழில் சொல்வதானால் 2012இன் 'பீட்சா'. 'நாளைய இயக்குநர்' நிகழ்ச்சியில் குறும்படம் எடுத்துப் பழகிய கார்த்திக் சுப்பராஜ், ஒரு பங்களா, ஒரு டார்ச் லைட், ஒரு விஜய் சேதுபதி. அந்த டார்ச் வெளிச்சத்துக்கு வெளியே என்ன இருக்கிறது என்று மொத்தத் தியேட்டரும் மூச்சைப் பிடித்துக்கொண்டது, மூன்றாவது கேள்வியில் சொன்ன அதே இருட்டுதான்.

பெரிய பட்ஜெட்ல திருப்பி எடுக்குறப்ப ஏன் ஒட்ட மாட்டேங்குது?

எல்லாமே ஒட்டாமல் போவதில்லை. 1990இல் 'நைட்' படத்தை வண்ணத்தில் திரும்ப எடுத்தார்கள். கெட்டிக்காரத்தனமான படம், நான் மதிக்கிறேன். ஆனால் தோல் உரிவது அவ்வளவு துல்லியமாகத் தெரியும்போது மனசு 'எப்படிச் செய்தார்கள்' என்று மேக்கப்பை மெச்சப் போய்விடுகிறது. சாக்லேட் சிரப்பில் மெச்ச ஒன்றுமில்லை. அதனால் பயப்படுகிறோம்.

மோசமா எடுத்தாலும் கல்ட் ஆகுது. எட் வுட் படத்தை உலகத்துலயே மோசம்னு சொல்லிக் கொண்டாடுறாங்களே?

'பிளான் 9 ஃப்ரம் அவுட்டர் ஸ்பேஸ்' படத்தைச் சொல்கிறீர்கள். டிராகுலா நடிகர் பேலா லுகோசி 1956இல் இறந்தபோது எட் வுட் கையில் அவரைப் படம்பிடித்த சில நிமிடங்கள் இருந்தன. மிச்சக் காட்சிகளுக்குத் தன் மனைவியின் முதுகுவலி வைத்தியரை நிறுத்தி, முகத்தை அங்கியால் மூடி நடக்க வைத்தார். ஆள் உயரம்கூட ஒத்துப்போகாது. 1980இல் ஒரு புத்தகம் அதற்கு 'எல்லாக் காலத்திலும் மோசமான படம்' என்று பட்டம் கொடுத்த பிறகுதான் கூட்டம் சேர்ந்தது.

அந்தக் கூட்டத்தோடு சேர்ந்து சிரிக்க எனக்கு மனம் வருவதில்லை. அட்டைக் கல்லறை ஆடுகிறது, உண்மைதான். ஆனால் இறந்துபோன நண்பரின் கடைசிச் சில நிமிடங்களை வீணாக்காமல் ஒரு முழுப்படமாக்க ஒரு மனிதர் பட்ட பாடு அதில் தெரிகிறது. சோம்பேறித்தனமாக எடுத்த மோசமான படங்கள் ஆயிரம் உண்டு, அவற்றில் ஒன்றையும் யாரும் எழுபது வருஷம் பார்ப்பதில்லை.

இப்ப ஃபோன்லயே எடுக்கலாம். நாங்க நாலு பேர் சேர்ந்து எடுத்தா கல்ட் ஆகுமாண்ணா?

கல்ட் ஆக வேண்டும் என்று எடுத்தால் ஆகாது. அது பார்ப்பவர்கள் கொடுப்பது, முதல் கேள்வியில் சொன்னபடி. ஆனால் எடுங்கள். ஜப்பானில் ஷினிச்சிரோ உவேதா 2017இல் 30 லட்சம் யென்னில், முகம் தெரியாத நடிகர்களோடு 'ஒன் கட் ஆஃப் தி டெட்' எடுத்தார். முதல் 37 நிமிடம் வெட்டே இல்லாத ஒரே ஷாட், அதில் சொதப்பல்கள் நிறைய. அந்தச் சொதப்பல்களை வைத்தே அடுத்த பாதியில் என்ன செய்கிறார் என்று நான் சொல்ல மாட்டேன். படம் எடுப்பவர்கள் யாராயிருந்தாலும் கண்ணீர் விடுவார்கள். வசூல் 300 கோடி யென்னைத் தாண்டியது.

ஒரே ஒரு யோசனை. படத்தைவிட ஒலிக்கு அதிகம் செலவழியுங்கள். மங்கலான காட்சியை மக்கள் மன்னிப்பார்கள், கேட்காத வசனத்தை மன்னிக்க மாட்டார்கள். ஹாலோவீனுக்கு ஜான் கார்பென்டர் தானே உட்கார்ந்து போட்ட அந்தப் பியானோ மெட்டை எடுத்துவிட்டுப் பாருங்கள். மிஞ்சுவது, இரண்டு டாலருக்கும் குறைவாக வாங்கி வெள்ளையடித்த ஒரு ரப்பர் முகமூடி தெருவில் நடப்பதுதான்.

நைட் படத்து முடிவு தாங்கலை. அவ்வளவு பாடுபட்டவனை ஏன் இப்படிக் கொல்லணும்? கொஞ்சம் நல்லபடியா முடிச்சிருக்கலாமே?

முடிக்கச் சொன்னார்கள். படத்தை வாங்க யோசித்த ஒரு நிறுவனம் முடிவு இருட்டாக இருக்கிறது என்று தயங்கியது. ரோமெரோ மாற்றவில்லை. ஆளுக்கு 600 டாலர் போட்ட நண்பர்களும் மாற்றச் சொல்லவில்லை. இரண்டாவது கேள்வியில் சொன்னது இதைத்தான்.

பென் என்ற அந்தப் பாத்திரத்தில் நடித்தவர் டுவேன் ஜோன்ஸ், கறுப்பினத்தவர். கதையில் யாரும் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசுவதில்லை. இரவெல்லாம் பிணங்களோடு போராடித் தப்பியவன் காலையில் ஜன்னல் பக்கம் வருகிறான், காப்பாற்ற வந்த வெள்ளையர் கூட்டம் அவனையும் பிணம் என்று எண்ணிச் சுட்டுவிடுகிறது. 1968 ஏப்ரல் 4 அன்று மார்ட்டின் லூதர் கிங் சுடப்பட்டார். முடிந்த படத்தின் பெட்டியைக் காரில் வைத்துக்கொண்டு நியூயார்க்குக்குப் போகும் வழியில் ரேடியோவில் அந்தச் செய்தியைக் கேட்டதாக ரோமெரோ சொல்லியிருக்கிறார். அக்டோபரில் படம் வந்தபோது அந்த முடிவை யாரும் வெறும் பேய்க்கதையாகப் பார்த்திருக்க முடியாது.

அதன்பின் படம் நகர்வதே இல்லை, கவனித்தீர்களா? செய்தித்தாள் புகைப்படம் போலப் புள்ளி புள்ளியான அசையாப் படங்கள். கறிக்கடைக் கொக்கியோடு ஆட்கள், பென்னின் முகம், விறகுக் குவியல். எங்கள் மாடியில் அந்த இடத்தில் டீக்கு எழுந்தவர் யாருமில்லை. பக்கத்து வீட்டு மாமா மட்டும் திரை வெள்ளையான பிறகு மெதுவாக என்னிடம் கேட்டார்: "அந்தப் பையன் பேர் என்ன சொன்னே? ஜோன்ஸா?"